பனியாறு பார்த்த மருமகனும் பனிமலையிலிருந்து வந்த குருவியும்

கனடாவில் வசிக்கும் என் தமக்கையின் மகன் 2025 பெப்ரவரியில் கொழும்புக்கு வந்திருந்தார். முந்திய கோடையில் குடும்பத்தோடு அல்பேர்ட்டா மாகாணத்துக்குச் சென்று அதபாஸ்கா பனியாற்றைப் பார்த்து வந்தவர் அவர். காலையில் ஏற்றி, ஆளுயரச் சக்கரம் பூட்டிய பேருந்தில் பனிக்கட்டியின் மேலேயே கொண்டுபோய் இறக்கி, மாலையில் கொண்டுவந்து விடுகிற வழிகாட்டியுடனான ஒருநாள் உலா. வழியில் மலையாடும் கரடியும் காட்டுவார்களாம். அந்தப் பனியாறு கடந்த ஒன்றேகால் நூற்றாண்டில் ஒன்றரைக் கிலோமீற்றருக்கு மேல் பின்வாங்கிவிட்டது. எந்த ஆண்டில் எந்த இடம் வரை பனி இருந்தது என்று ஆண்டெழுதிய சிறு பலகைகளை வழிநெடுக நட்டு வைத்திருக்கிறார்கள். தம் பிறந்த ஆண்டுப் பலகையின் அருகே நின்று எடுத்த படத்தை மருமகன் எனக்குக் காட்டினார். பனி அவருக்குப் பின்னால் வெகு தொலைவில் இருந்தது.

"மாமா, இங்கே அப்படி ஒரு நாளில் பார்த்துத் திரும்பக்கூடியதாக ஏதும் இல்லையா? யால வேண்டாம். ஒரு சிறுத்தையின் வாலைப் பார்க்க ஐம்பது ஜீப்புக்கு நடுவில் நிற்க என்னால் முடியாது."

ஏழாம் பாகை அகலாங்கில் கிடக்கும் இந்தத் தீவில் பனியாற்றுக்கு எங்கே போவது? ஆனால் பனி உறையும் இடம் ஒன்று உண்டு. நுவரெலியாவிலிருந்து முப்பது கிலோமீற்றர் சொச்சத்தில், ஹோர்ட்டன் சமவெளி. திசெம்பர் முதல் பெப்ரவரி வரையான தெளிந்த இரவுகளில் அங்கே புல்லின் நுனியில் பனி வெள்ளையாக உறையும். வடக்கேயிருந்து வரும் உயிரினமும் உண்டு, ஆனால் அதைக் காணச் சமவெளிக்குப் போகத் தேவையில்லை, நுவரெலியா நகரின் நடுவிலேயே காணலாம் என்றேன். அவர் நம்பவில்லை.

வழிகாட்டியாக வந்த இளைஞர் நானுஓயாப் பக்கத்துத் தோட்டமொன்றில் பிறந்தவர். முப்பது வயதுக்குள் இருக்கும். பெயர் எழுத அவரிடம் அனுமதி கேட்கவில்லையாதலால் தம்பி என்றே குறிப்பிடுகிறேன். பதினான்கு வயதில், பறவை பார்க்க வந்த வெள்ளைக்காரர்களுக்கு மூன்றுகால் தாங்கியைச் சுமந்துபோகத் தொடங்கியவர். அவர்களில் ஒருவர் விட்டுச்சென்ற, அட்டை கிழிந்த பறவை நூல் ஒன்றைப் படித்தே ஆங்கிலமும் கற்றுக்கொண்டாராம். பறவைகளின் ஆங்கிலப் பெயர், இலத்தீன் பெயர், சிங்களப் பெயர் மூன்றும் அவருக்கு மனப்பாடம். தமிழ்ப் பெயர்தான் தெரியாது. அன்று முழுவதும், "இதுக்குத் தமிழில என்னங்கய்யா?" என்று என்னைக் கேட்டுக்கொண்டே வந்தார். நான் அறிந்தவற்றைச் சொன்னேன். சிலவற்றுக்குத் தமிழ்நாட்டு நூல்களில் பெயர் உண்டு. சிலவற்றுக்கு நம் மலையகத்துக் கிழவிகள் வைத்த பெயர் ஏதேனும் இருந்திருக்கும், ஒருவரும் கேட்டு எழுதிவைக்கவில்லை. நாற்பதாண்டு பத்திரிகைத் தொழிலில் மலையகத்தைப் பற்றி நாங்கள் எழுதியதெல்லாம் சம்பளமும் பிரஜாவுரிமையும் தேர்தலும்தான். அவை எழுதப்பட வேண்டியவையே. ஆனால் அந்த மக்களின் வாயில் காட்டுக்கும் குருவிக்கும் இருந்த சொற்கள் எங்கள் பக்கங்களில் ஏறியதில்லை.

அதிகாலை நாலரைக்கு வான் புறப்பட்டது. அம்பேவெல பாற்பண்ணையைக் கடந்து பட்டிப்பொல. இலங்கையின் மிக உயரமான புகையிரத நிலையம் இதுதான், கடல் மட்டத்திலிருந்து 1,891 மீற்றர். அங்கிருந்து மேலே ஏறினால் பூங்காவின் வாயில். நுழைவுச்சீட்டு விற்குமிடத்தில் ஒரு வேடிக்கை நடந்தது. யாழ்ப்பாணத்தில் பிறந்த என் மருமகன் கனடியக் கடவுச்சீட்டை நீட்டி வெளிநாட்டவர் கட்டணம் செலுத்தினார். நான் அடையாள அட்டையைக் காட்டி உள்ளூர்க் கட்டணம் செலுத்தினேன். அவர் செலுத்திய தொகை ஒரு கொழுந்து பறிக்கும் பெண்ணின் பல நாட் சம்பளம். 2024 செப்ரெம்பரில் அவர்களின் அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபாய் என நிர்ணயிக்கப்பட்டிருந்தது. அதுவும் சொன்ன எடை கொழுந்து கொடுத்தால். இல்லாவிட்டால் "அரைப்பேர்" போட்டுவிடுவார்கள். தம்பி இதைக் குறையாகச் சொல்லவில்லை, கணக்காகச் சொன்னார்.

பூங்காவினுள் பொலித்தீன் கொண்டுபோகக் கூடாது. பைகளைத் திறந்து பார்த்து, தண்ணீர்ப் போத்தலில் ஒட்டியிருக்கும் தாளைக்கூட உரித்துவிட்டுத்தான் அனுப்புகிறார்கள். தம்பியின் தாயார் கட்டித் தந்த ரொட்டியும் சம்பலும் பழைய தினசரித்தாளில் சுற்றியிருந்தன. நான் பணிபுரிந்த பத்திரிகையே அது! அச்சிட்ட செய்தி இறுதியில் எங்கே போய்ச் சேரும் என்பதை அறிந்தவன்தான், இருந்தாலும் அந்தக் குளிரில் அதைப் பிரித்து உண்டதில் ஒரு நிறைவு இருந்தது.

விடியும் வேளை. சமவெளி முழுவதும் சாம்பல் பூசியதுபோல் வெளிறிக் கிடந்தது. வானிலிருந்து இறங்கிப் புல்லை மிதித்ததும் காலடியில் நொறுங்கும் ஓசை கேட்டது. மருமகன் குனிந்து ஒரு புல்லைக் கிள்ளி உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார். உறைபனி ஒரு நிமிடம் நின்று நீராகிவிட்டது. "இதுதாங்க எங்க கிளேசியர்," என்றார் தம்பி. சூரியன் ஏறிய அரைமணி நேரத்தில் எல்லாம் மறைந்துபோயின. இந்த அழகு கீழேயுள்ள தேயிலைக்கும் காய்கறித் தோட்டங்களுக்கும் பகை என்பதையும் அவரே சொன்னார். இப்படி உறைந்த இரவுக்கு மறுநாள் கொழுந்து கருகும். கருகிய மலையில் பறிக்க ஒன்றுமில்லை. பறிக்க ஒன்றுமில்லாவிட்டால் வேலை நாட்கள் குறையும்.

ஹோர்ட்டன் சமவெளியின் பழைய பெயர் மகா எலிய. 1831 முதல் 1837 வரை இங்கே ஆளுநராக இருந்த சேர் ரொபேர்ட் வில்மட் ஹோர்ட்டனின் பெயரை ஆங்கிலேயர் அதற்கு இட்டார்கள். பரப்பு 3,160 ஹெக்டேர். உயரம் 2,100 மீற்றருக்கு மேல். இலங்கையின் இரண்டாவது, மூன்றாவது உயரமான மலைகளான கிரிகல்பொத்தையும் தொட்டுபொலவும் இதன் ஓரத்திலேயே நிற்கின்றன. மகாவலி, களனி, வளவை ஆகிய மூன்று பேராறுகளுக்கும் இங்கிருந்து நீர் போகிறது. கொழும்பில் குழாயைத் திறந்து முகம் கழுவுகிறவர் இந்தப் புல்வெளியைக் கண்டிராவிட்டாலும் இதன் ஈரத்தைத் தொட்டிருப்பார்.

சுற்றிலும் மலையை மொட்டையடித்து முதலில் கோப்பியும் பிறகு தேயிலையும் நட்டவர்கள் இதை மட்டும் ஏன் விட்டார்கள் என்பது எனக்கு நெடுநாட் கேள்வியாக இருந்தது. விடை 1873இல் இருக்கிறது. கியூ தாவரவியல் தோட்டத்தின் அதிபராயிருந்த ஜோசப் ஹூக்கர், ஐயாயிரம் அடிக்கு மேலுள்ள காடுகளைத் தொடவேண்டாம் என்று அறிவுரை கூறினார்; அதன்படி ஆணையும் பிறந்தது. காடு நீரைப் பிடித்துவைக்கும், நீர் இல்லாவிட்டால் கீழே தோட்டமும் இல்லை என்ற கணக்கு அதில் இருந்தது. கருணை அன்று, கணக்கு. ஆயினும் அந்தக் கணக்கால் பிழைத்தது காடு. 1969இல் சரணாலயமாகவும், 1988இல் தேசியப் பூங்காவாகவும் ஆகி, 2010இல் மத்திய மலைநாட்டின் ஏனைய காடுகளோடு சேர்ந்து உலக மரபுரிமைப் பட்டியலில் இடம்பெற்றது.

காடு பிழைத்தது, விலங்குகள் அவ்வளவாகப் பிழைக்கவில்லை. நைல் ஆற்றின் மூலம் தேடிப் போய்ப் பின்னாளில் பெயர்பெற்ற சாமுவேல் பேக்கர் 1840களின் இறுதியில் நுவரெலியாவில் குடியேறி, வேட்டை நாய்களைக் கொண்டு இந்த மலைகளில் மரைகளை விரட்டிக் கொன்றவர். அதைப் பெருமையோடு நூலாகவும் எழுதினார். (தமிழ்நாட்டு வாசகர்களுக்கு: நீங்கள் கடமான் என்பதை நாங்கள் மரை என்கிறோம்.) அவருக்குச் சற்று முந்திய மேஜர் ரொஜர்ஸ் 1,400க்கு மேற்பட்ட யானைகளைச் சுட்டதாகச் சொல்லப்படுகிறது, 1845இல் மின்னல் தாக்கி இறந்தார். கல்லறை நுவரெலியாவில் உண்டு. சமவெளியில் இன்று ஒரு யானையும் இல்லை. பேக்கரின் பெயரை ஓர் அருவிக்கு வைத்திருக்கிறார்கள். அழகான அருவி. பெயரை மாற்றலாம் என்று எனக்குத் தோன்றியதுண்டு.

மரைகள் மீண்டு பெருகியிருக்கின்றன. வாகனத் தரிப்பிடத்தருகே ஒரு கிழட்டு ஆண் மரை நின்றது. மனிதரைக் கண்டு அஞ்சவில்லை, ரொட்டியை எதிர்பார்த்தது. உணவு கொடுக்காதீர்கள் என்று பலகை இருந்தும் ஒருவர் பிஸ்கட்டை நீட்டினார். தம்பி அவரிடம் சிங்களத்தில் பணிவாக ஏதோ சொன்னார்; அவர் கையை மடக்கிக்கொண்டார். சிறுத்தை உண்டு என்றார்கள். நாங்கள் கண்டது அதன் எச்சம் மட்டுமே. இங்கே வாழும் தேவாங்கு வகை ஒன்று அற்றுப்போனதென்றே கருதப்பட்டு, 2010இல் படத்தோடு மீண்டும் அறிவிக்கப்பட்டது. அது இரவில் திரியும் பிராணி. பகலில் போகிற எங்களைப் போன்றவர்களுக்கு அதன் சுவரொட்டியே தரிசனம்.

நடைபாதை ஒரு வளையம், ஒன்பதரைக் கிலோமீற்றர். மூச்சு வாங்கியபோதெல்லாம் நின்று எதையாவது விளக்கச் சொன்னேன், தம்பியும் என் நோக்கத்தைப் புரிந்துகொண்டு நீட்டி விளக்கினார். கரிய சதுப்பைக் காட்டி, இதன் அடியில் மகரந்தத்தை எடுத்து ஆராய்ந்திருக்கிறார்கள் என்றார். உண்மைதான். ஏறத்தாழ 24,000 ஆண்டுகளின் காலநிலை அந்தச் சேற்றில் படிந்திருக்கிறது. உலகின் வடபகுதியில் பெரும் நிலப்பரப்புகள் பனியாற்றின் கீழ் உறைந்துகிடந்த காலத்தில் இங்கே பனி மூடவில்லை, பருவமழை மெலிந்து வறண்டது. அங்கே தண்ணீரெல்லாம் கட்டியானபோது இங்கே மழை குறைந்திருக்கிறது. மருமகன் சற்று நேரம் பேசாமல் நடந்தார். பனியாறு வேறு, நம் மலை வேறு என்று காலையில் அவர் நினைத்திருக்கக்கூடும்.

எட்டரை மணிக்கு உலக முடிவுக்குப் போய்ச் சேர்ந்தோம். ஒன்பது, பத்துக்கு மேல் மூடுபனி ஏறிவிடும். அதற்கு முன் போகவேண்டும். புல்வெளி சட்டென்று முடிகிறது. கீழே 800 மீற்றருக்கும் அதிகமான செங்குத்துப் பாறை. அடியில் தெரிவது நொன்பரெயில் தேயிலைத் தோட்டம். நூல் பிடித்தாற்போல் தேயிலை வரிசைகள், தீப்பெட்டிகளை அடுக்கியதுபோல் லயங்கள். உலகம் முடிகிறது என்று பெயர்ப்பலகை சொல்லுமிடத்தில், அதன் நேர் கீழே, ஒரு லயத்துக் கூரையிலிருந்து அடுப்புப் புகை எழுந்துகொண்டிருந்தது.

தம்பி தம் தாயாரை ஒருமுறை இங்கே அழைத்து வந்திருக்கிறார். நாற்பதாண்டு கூடை சுமந்தவர். நுவரெலியா மாவட்டத்தைத் தாண்டாதவர். ஒரு மணி நேரப் பயணத்தில் இருக்கிற இந்த இடத்தை அதுவரை கண்டிராதவர். விளிம்பில் நின்று வெகுநேரம் பார்த்தாராம். சுற்றுலா வந்தவர்களெல்லாம் "ஆகா" என்று கைபேசியை உயர்த்திக்கொண்டிருக்க, அந்த அம்மா சொன்னது: "அந்தா அந்த மலையில கவ்வாத்து வெட்டியிருக்காங்க. இந்த மலை ரவுண்டு தவறிப்போச்சு, ஆள் காணாது போல." பச்சையின் நிறத்தை வைத்தே சொல்லிவிட்டார். எந்தப் பயணநூலிலும் உலக முடிவைப் பற்றி இவ்வளவு துல்லியமான வருணனையை நான் படித்ததில்லை.

மாலை நான்கு மணிக்கு நுவரெலியா விக்டோரியா பூங்கா. விக்டோரியா அரசியின் வைரவிழாவையொட்டி 1897இல் பெயர்பெற்ற இடம். பூச்செடிகள், சிறுவர் இரயில், காதலர்கள், ஐஸ்கிறீம். ஒரு மூலையில் மரங்கள் அடர்ந்து ஓடை ஓடுகிறது. ஓடையின் வாசம் நல்லதாக இல்லை. அங்கேதான் உலகின் பல நாடுகளிலிருந்து வரும் பறவை ஆர்வலர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு காத்திருக்கிறார்கள்.

"ஐயா, பேசாம நில்லுங்க. அந்தத் தாழ்ந்த கொப்புல, வாலைத் தூக்கித் தூக்கி அடிக்குது பாருங்க."

கைக்குள் அடங்கும் குருவி. முதுகு சாம்பல். தொண்டையும் மார்பும் செங்கல்லும் ஆரஞ்சும் கலந்த நிறம், இரு பக்கமும் கரிய கரை. காஷ்மீர் ஈப்பிடிப்பான். காஷ்மீரும் அதையொட்டிய வடமேற்கு இமயமும்தான் அது கூடு கட்டுமிடம். கொலாஹோய் முதலிய பனியாறுகள் உருகி ஓடுகிற பள்ளத்தாக்குகளின் காடுகளில் குஞ்சு பொரித்து, குளிருக்கு முன் புறப்பட்டு, ஏறக்குறைய 3,000 கிலோமீற்றர் பறந்து ஒக்டோபரில் இங்கே வருகிறது. மார்ச் இறுதியில் திரும்புகிறது. குளிர்காலத்துக்கு அதற்குள்ள இடங்கள் இந்த மலைநாடும், நீலகிரி உள்ளிட்ட மேற்குத் தொடர்ச்சி மலைப் பகுதிகளும் மட்டுமே. பிறந்த காடு சுருங்கிவருவதால் அழிய வாய்ப்புள்ள இனங்களின் பட்டியலில் வைத்திருக்கிறார்கள். இமயத்திலிருந்து வரும் வேறொரு பூங்குருவியையும் அதே ஓடையோரத்தில், சருகைக் கிளறிக்கொண்டிருக்கக் கண்டோம்.

"நீங்க வடக்குங்களாய்யா?" என்று தம்பி காலையிலேயே என்னைக் கேட்டிருந்தார். இலங்கையில் வடக்கு என்றால் யாழ்ப்பாணம். அந்தச் சொல்லைப் பொலிஸ் சோதனைச் சாவடிகளில் வேறு தொனியில் கேட்டுப் பழகியவன் நான். இப்போது அவர் குருவியைக் காட்டி, "இதுதாங்க நிஜ வடக்கு," என்று சிரித்தார்.

நீலகிரி என்றதும் அவர் ஒன்று சொன்னார். அவருடைய பாட்டனாரின் அண்ணன் குடும்பம் கோத்தகிரியில் இருக்கிறது. 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. 1964இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் செய்த உடன்படிக்கை 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டது. அண்ணன் தம்பிகள் விண்ணப்பப் படிவத்தில் பிரிந்தார்கள். அண்ணன் கப்பலேறி மண்டபம் வழியாக நீலகிரிக்குப் போய் அங்கும் தேயிலையே பறித்தார். எஞ்சியவர்களின் பிரஜாவுரிமைச் சிக்கல் 2003ஆம் ஆண்டுச் சட்டத்தோடுதான் பெரும்பாலும் தீர்ந்தது. கோத்தகிரிக் குடும்பத்தை இவர்களில் எவரும் நேரில் கண்டதில்லை; கைபேசித் திரையில் பார்த்துப் பேசுகிறார்கள். "எங்க சித்தப்பா வீட்டுப் பக்கமும் இந்தக் குருவி வருமாங்கய்யா?" என்றார். வரக்கூடும் என்றேன். நீலகிரியில் அது பதிவாகியிருக்கிறது.

மருமகன் இதையெல்லாம் கேட்டுவிட்டு, நீங்கள் கனடாவுக்கு வாருங்கள், அதபாஸ்காவுக்கு நான் வழிகாட்டியாக வருகிறேன் என்றார். தம்பிக்கு நிரந்தர முகவரிக்கான சான்று கொடுப்பதே பாடு. லயத்துக்கு உறுதி கிடையாது. ஏழு பேர்ச் காணியும் வீடும் தருவதாகச் சொன்ன திட்டங்களில் இவர்கள் வரிசைக்கு இன்னும் வீடு வரவில்லை.

2025 நவம்பர் இறுதியில் டிட்வா புயல் வந்தது. நாடு முழுவதும் 600க்கு மேற்பட்டோர் மாண்டார்கள். நுவரெலியா, பதுளை, கண்டி மாவட்டங்களில் மலைகள் சரிந்தன. மலையகப் புகையிரதப் பாதை பல இடங்களில் அந்தரத்தில் தொங்கியது. நான்கு நாட்கள் தம்பியின் தொலைபேசி பேசவில்லை. ஐந்தாம் நாள் அவரே அழைத்தார். அவர்களுடைய லயத்தின் பின்சுவர் மண்ணோடு போய்விட்டது, ஆட்களுக்குச் சேதமில்லை, தாயாரோடு தோட்டத்துப் பாடசாலையில் தங்கியிருக்கிறார்கள். ஓர் அதிகாரி வந்து, இந்த இடம் அபாயமானது, திரும்பிப் போகக்கூடாது என்று எழுதித் தந்திருக்கிறார். எங்கே போவது என்று எழுதித் தரவில்லை. பல தலைமுறையாக அந்த மண்ணில் உழைத்தும், இடம்பெயர்வதற்குக்கூடச் சொந்தமாக ஒரு துண்டு நிலம் இல்லை. ஐயாயிரம் அடிக்கு மேலிருந்த காட்டை அன்று விட்டுவைத்தார்கள். அதற்குக் கீழே சரிவில் கட்டிய லயங்களை மழை எடுத்துக்கொண்டது.

மருமகன் கொஞ்சம் பணம் அனுப்பினார். நானும் அனுப்பினேன். தம்பி நன்றி சொன்னார், ஆனால் அவர் கேட்டது வேறு. சனவரிக்குப் பதிவு செய்திருந்த வெளிநாட்டுக்காரர்கள் எல்லாரும் வரவில்லை என்று எழுதிவிட்டார்களாம். "பாதையெல்லாம் திறக்கத் திறக்க, உங்களுக்குத் தெரிஞ்சவங்களை வரச்சொல்லுங்கய்யா. அது போதும்."

ஆகவே சொல்கிறேன். இலண்டனிலும் ரொறன்ரோவிலும் சிட்னியிலும் இருந்து ஊருக்கு வருகிறவர்கள் நல்லூரோடு நின்றுவிடாமல் மலைக்கும் ஒரு நாள் ஒதுக்குங்கள். பாதை நிலவரத்தை விசாரித்துக்கொண்டு, கொழும்பில் வாகனம் அமர்த்தாமல் நுவரெலியாவில் இறங்கி, தோட்டத்துப் பிள்ளை ஒருவரை வழிகாட்டியாகக் கேட்டுப் பெறுங்கள். கம்பளிச் சட்டை வேண்டும், பொலித்தீன் வேண்டாம். உலக முடிவுக்கு ஒன்பது மணிக்கு முன் போய்விடுங்கள். குருவியைக் காண விரும்பினால் மார்ச் முடிவதற்குள் வரவேண்டும்.